கோட்டையில்லாத கோட்டம்

குன்றத்தூரிலே இன்று குடியிருக்கும் ஒருவர் தம் விலாசத்தை எழுதப் புகுந்தால், தம் பெயரிலே தொடங்கி, வீட்டு எண், தெரு, ஊர், வட்டம், மாவட்டம் என்று சிறியதிலிருந்து பெரியதற்குப் படிப்படியாக ஏறிச் சென்று, 600069 என்ற தபால் குறியீட்டு எண்ணிலே முடிப்பார். எண்ணூறு, தொள்ளாயிரம் வருஷங்களுக்கு முன்னர், கோயிலுக்கு நிலமோ விளக்கோ வழங்கியவர்களின் தர்மத்தைக் கல்லிலே பொறித்த எழுத்தர்கள் இதற்கு நேர்மாறான முறையைக் கையாண்டார்கள். ஜயங்கொண்ட சோழ மண்டலம், அதிலே புலியூர்க் கோட்டமாகிய குலோத்துங்க சோழ வளநாடு, அதிலே குன்றத்தூர் நாடு, அதிலே குன்றத்தூர் என்று பெரியதிலிருந்து சிறியதற்கு இறங்கி வருவது அவர்கள் சம்பிரதாயம். தானம் கொடுத்த மனிதன் கடைசியிலேதான் வருவான். அவனுக்கு முன்னால் ஒரு ராஜ்ஜியமே வந்து நின்றுவிடும்.

இந்த நீண்ட விலாசத்தின் நடுவிலே நிற்கும் 'கோட்டம்' என்ற சொல்லைப் பற்றித்தான் இங்கே பேச எண்ணுகிறேன். அரசர்களின் கோட்டை கொத்தளங்கள் ஒரு பிரதேசத்தின் வாழ்விலே எத்தகைய முத்திரையைப் பதித்துச் செல்கின்றன என்று ஆராய்வதற்கு, செஞ்சியையோ வேலூரையோ விட்டுவிட்டு, கோட்டை என்று காட்டுவதற்கு ஓர் இடிந்த சுவர்கூட இல்லாத குன்றத்தூரை நான் தேர்ந்தெடுத்தது சிலருக்கு விசித்திரமாகத் தோன்றலாம். ஆனால், கோட்டை நிற்கிற இடத்தைவிட அது நில்லாத இடத்திலேதான் அதன் செல்வாக்கு எவ்வளவு தூரம் எட்டியது என்பது நன்கு புலப்படும்.

தென்பெண்ணையாற்றங்கரை முதல் வேங்கடமலை வரை பரந்து கிடந்த தொண்டை மண்டலம் 24 கோட்டங்களாகவும் 79 நாடுகளாகவும் பகுக்கப்பட்டிருந்தது என்பது பரம்பரையாக வழங்கிவரும் கணக்கு. புழல், ஈக்காடு, மணவூர், செங்காடு, பையூர், எயில், தாமல், ஊற்றுக்காடு, களத்தூர், கலியூர், புலியூர் என்று அந்தப் பெயர்களைச் சொல்லிக்கொண்டு போனால், அவற்றுள்ளே பாதிக்கு மேற்பட்டவை நம் காதுக்கு இன்றும் ஊர்ப் பெயர்களாகவே ஒலிக்கின்றன. காஞ்சி மாநகரம் அடங்கியிருந்தது எயிற் கோட்டத்திலே. எயில் என்பதற்கு மதில் என்றே பொருள். குடவோலை முறைக்காக உலகப் பிரசித்தி பெற்ற உத்தரமேரூர் இருந்தது கலியூர்க் கோட்டத்திலே. நம்முடைய புலியூர்க் கோட்டத்துக்குப் பெயர் கொடுத்த புலியூரோ, இன்று சினிமாப் படப்பிடிப்புக்குப் பெயர் போன கோடம்பாக்கத்துக்குள்ளே ஒடுங்கிக் கிடக்கிறது. அந்தக் கோட்டத்திலே குன்றத்தூர் நாடும், மாங்காடு நாடும், திருவான்மியூர்ப் பக்கத்துக் கோட்டூர் நாடும், பல்லாவரத்தை உட்கொண்ட சுரத்தூர் நாடும் அடங்கியிருந்தன. தாம்பரத்துக்கும் பூவிருந்தவல்லிக்கும் இடையே பஸ்ஸிலே போய்வருகிற ஒருவர், தம்மை அறியாமலே பல பழைய நாடுகளின் எல்லைகளைத் தினந்தோறும் கடக்கிறார்.

கோட்டம் என்ற சொல் எப்படி வந்தது? இங்கே கதையும் சரித்திரமும் ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கின்றன. ஆதியில் இந்நாடு குறும்பர்களின் வசத்தில் இருந்ததென்றும், அவர்கள் 24 கோட்டைகளைக் கட்டிக்கொண்டு ஆண்டார்களென்றும், ஒவ்வொரு கோட்டையைச் சுற்றிய பிரதேசமும் ஒரு கோட்டமாயிற்று என்றும், புழலிலே இருந்த கோட்டையே அவற்றுள் தலைமையானதென்றும், ஆதொண்டச் சக்கரவர்த்தி படையெடுத்து வந்து அவர்களை வென்று, சோழ நாட்டிலிருந்து குடிகளைக் கொணர்ந்து இங்கே அமர்த்தினான் என்றும் ஒரு வரலாறு நெடுங்காலமாக வழங்கி வந்தது. சென்ற நூற்றாண்டுக்கு முந்தின நூற்றாண்டின் தொடக்கத்திலே, ஏடுகளையும் கர்ண பரம்பரைக் கதைகளையும் ஊர் ஊராகத் திரட்டிய காலின் மெக்கன்சி துரையின் சேகரத்திலே இந்தக் குறும்பர் கோட்டைக் கதைகளும் இடம் பெற்றிருக்கின்றன. ஆதொண்டனைக் கரிகாலனின் மைந்தன் என்பாரும் உண்டு, குலோத்துங்கனின் மைந்தன் என்பாரும் உண்டு. இருவருக்கும் இடையே எத்தனையோ நூற்றாண்டுகள் இருக்கின்றன என்பதைக் கதை சொல்லுவோர் பொருட்படுத்துவதில்லை.

கல்வெட்டுக்களையும் செப்பேடுகளையும் கற்றவர்கள் இதை அப்படியே ஒப்புக்கொள்வதில்லை. சோழர்கள் இந்நாட்டைக் கைக்கொள்வதற்கு வெகு காலம் முன்பே, எட்டாம் நூற்றாண்டிலே, நந்திவர்ம பல்லவன் வழங்கிய காசாக்குடிச் செப்பேட்டிலே ஊற்றுக்காட்டுக் கோட்டம் குறிக்கப்படுகிறது. ஆகவே இப்பிரிவு சோழ மன்னர் ஒருவர் வந்து செய்ததன்று. பல்லவர் காலத்திலேயே வேரூன்றி இருந்தது. கோட்டம் என்ற சொல்லுக்கு வளைவு, சூழ்ந்த இடம், கோயில், சிறைச்சாலை, ஆநிரை அடைக்கும் கொட்டில் என்றெல்லாம் பொருள்கள் உண்டு. சூழ வளைத்துக் காப்பது என்ற ஒரு கருத்து இவை எல்லாவற்றுக்குள்ளும் ஓடுவதைக் காணலாம். மாட்டை வளைத்த வேலியும், மன்னனை வளைத்த மதிலும், தெய்வத்தை வளைத்த திருச்சுற்றும் தமிழனுக்கு ஒரே சொல்லாலே விளங்கின என்றால், கோட்டையைப் பற்றி அவன் கொண்டிருந்த அபிப்பிராயம் நமக்குப் பாதி விளங்கிவிடுகிறது.

கதையை முற்றும் தள்ளிவிடவும் எனக்கு மனம் வரவில்லை. அதற்குக் காரணம் திருமுல்லைவாயில். மாசிலாமணீசுவரர் சந்நிதியின் முன்னே இரண்டு வெள்ளெருக்கந் தூண்கள் நிற்கின்றன. எருக்கு என்பது வேலியோரத்திலே முளைக்கும் செடி. அது தூணாகும் அளவுக்குப் பருத்ததே ஓர் அதிசயம். ஆதொண்டனாகிய தொண்டைமான் குறும்பரோடு பொருதபோது அவன் யானையின் கால்களை முல்லைக்கொடி சுற்றிக்கொண்டதென்றும், அவன் அதை வாளால் வெட்ட, புதருக்குள்ளே மறைந்திருந்த லிங்கத்தின்மேல் அது பட்டதென்றும், அங்கே கோயில் எழுப்பியவன் புழற் கோட்டையை வென்றபின் அதிலிருந்து இந்தத் தூண்களைக் கொணர்ந்து நாட்டினான் என்றும் ஸ்தல புராணம் கூறுகிறது. புழலிலே கோட்டை எங்கே என்று கேட்டால் ஒருவரும் காட்டமாட்டார். ஏரியைக் காட்டுவார், சிறைச்சாலையைக் காட்டுவார். ஆனால், கோட்டையின் தூண் என்று நம்பப்படுவது கோயிலிலே தீபாராதனை கண்டுகொண்டு நிற்கிறது.

இது தற்செயலாக நிகழ்ந்ததன்று. நம் நாட்டு அரசர்கள் தாங்கள் வாழ்வதற்குக் கட்டிய வீடுகளைச் செங்கல்லாலும் மரத்தாலும் கட்டினார்கள். இறைவன் வாழ்வதற்குக் கட்டிய வீட்டைக் கருங்கல்லால் கட்டினார்கள். கங்கைகொண்ட சோழபுரத்திலே ராஜேந்திரனின் கோயில் விண்ணை அளாவி நிற்க, அவன் அரண்மனை இருந்த இடத்தை மாளிகைமேடு என்னும் பெயராலும், தோண்டியபோது வெளிப்பட்ட செங்கல் அடித்தளங்களாலுமே அறிகிறோம். பழையாறையருகே சோழன் மாளிகை என்று ஒரு சிற்றூர் உண்டு. மாளிகை போய்விட்டது, பெயர் இருக்கிறது. கோ வாழும் இல்லம் கோயில் என்றால், அந்தச் சொல் முதலில் மன்னனுக்கும் தெய்வத்துக்கும் பொதுவாக இருந்து, பிறகு மன்னனைக் கைவிட்டுத் தெய்வத்தோடு தங்கிவிட்டது. கல் இருந்த பக்கம் சொல்லும் போயிற்று என்று சொல்லத் தோன்றுகிறது.

மேல் நாட்டிலே இது வேறு விதமாக நடந்தது. இரண்டாம் குலோத்துங்கன் சோழ சிம்மாசனத்தில் வீற்றிருந்தது 1133 முதல் 1150 வரை. ஏறத்தாழ அதே காலத்தில், 1135 முதல் 1154 வரை, இங்கிலாந்தை ஆண்டவன் ஸ்டீபன். அவன் காலத்திலே பட்டத்துக்கு உரிமைப் போர் மூண்டு தேசமெங்கும் குழப்பம் நிலவியதால், பிரபுக்கள் அரசன் அனுமதியின்றியே தத்தம் ஊரிலே கோட்டைகளை எழுப்பிக்கொண்டார்கள். அடுத்து வந்த இரண்டாம் ஹென்றி அவற்றுள் பலவற்றை இடித்துத் தள்ளவேண்டியதாயிற்று. அங்கே கல் அச்சத்துக்குச் செலவாயிற்று. அதே இருபது வருஷங்களில் இங்கே, சோழப் பேரரசின் வடபாகத்துக் குன்றத்தூரில், கல் எதற்குச் செலவாயிற்று என்று பார்ப்போம்.

குன்றத்தூர் தந்த பெருமகன் சேக்கிழார். அருண்மொழித்தேவர் என்பது அவருடைய இயற்பெயர். கடலினும் பெரியது எது, உலகினும் பெரியது எது, மலையினும் பெரியது எது என்று சோழ மன்னன் மூன்று வினாக்களை விடுக்க, விடை தெரியாது வருந்திய தந்தைக்கு, இளைஞராகிய அவர் மூன்றுக்கும் திருக்குறளிலிருந்தே விடை எழுதிக் கொடுத்தார் என்றும், அதனால் அரசன் அவரை அழைத்து அமைச்சராக்கினான் என்றும் சொல்லுவார்கள். பயன் கருதாது செய்த உதவி, காலத்தினால் செய்த உதவி, நிலைதிரியாத அடக்கம் என்ற அந்த மூன்று விடைகளிலும் படைக்கோ மதிலுக்கோ இடமில்லை என்பதைக் கதை கேட்போர் கவனிக்கவேண்டும். உத்தம சோழப் பல்லவராயர் என்ற பட்டத்தோடு அவர் அநபாயன் என்னும் இரண்டாம் குலோத்துங்கனின் சபையிலே விளங்கினார்.

அமைச்சருக்குச் சோழ நாட்டுத் திருநாகேசுவரத்தின்மேல் அளவற்ற பக்தி. அலுவல் இருந்த இடம் சோழ நாடு. பிறந்த மண்ணோ தொண்டை நாடு. ஆகவே அந்தக் கோயிலைப் போலவே ஒன்றைத் தம் ஊரிலே எழுப்பி, அதற்கும் திருநாகேசுவரம் என்றே பெயரிட்டார். இன்று ராகு ஸ்தலம் என்று பக்தர்கள் நாடி வரும் வட திருநாகேசுவரம் அதுதான். ஒரு ராஜ்ஜியத்தின் அதிகாரத்தைக் கையிலே வைத்திருந்த மனிதர், சொந்த ஊரிலே தமக்கென்று ஒரு மாளிகை கட்டியதாக ஒரு கதைகூட இல்லை. குன்றின்மேல் 84 படிகள் ஏறிச் சென்றால் காட்சி தரும் முருகன் கோயிலும் குலோத்துங்கன் திருப்பணி என்றே கூறப்படுகிறது. திருப்போரூரிலே போர் முடித்துத் திருத்தணிக்குப் போகும் வழியில் முருகன் இங்கே தங்கினான் என்பது ஊரார் நம்பிக்கை. அயல் நாடாக இருந்தால் அந்தக் குன்றின் உச்சியிலே ஒரு காவற்கோட்டை எழும்பியிருக்கும். பாலாற்றுப் பக்கத்திலிருந்து வருவோரையும், கடற்கரையிலிருந்து வருவோரையும் அங்கிருந்து பார்க்கலாம். அதைவிட வசதியான இடம் சுற்றுவட்டாரத்திலே குறைவு.

சேக்கிழார் எழுப்பிய பெரிய கட்டடம் ஒன்று உண்டு. அது கல்லால் ஆனதன்று. நாலாயிரத்துக்கு மேற்பட்ட செய்யுட்களாலான பெரிய புராணத்தைத்தான் சொல்லுகிறேன். அதிலே திருக்குறிப்புத் தொண்டர் வரலாற்றைச் சொல்லப் புகுந்தவர், காஞ்சியிலே அடியார்களின் துணி வெளுத்த ஓர் ஏகாலியின் கதைக்கு முன்னுரையாக, தொண்டை நாட்டின் ஐவகை நிலங்களையும் ஆறுகளையும் ஊர்களையும் மிக விஸ்தாரமாக வருணித்துக்கொண்டு போகிறார். மண்டலத்தின் வரிக்கணக்கையும் எல்லைக்கணக்கையும் அறிந்த ஓர் அதிகாரி தம் பிறந்த நாட்டை அணு அணுவாகப் பார்த்து மகிழ்கிறார் என்றே அந்தப் பகுதியைப் படிக்குந்தோறும் எனக்குத் தோன்றும். அவர் காவியத்திலே சூதாடிக் கிடைத்த பொருளால் அடியார்க்கு அமுதிட்ட மூர்க்க நாயனார் குன்றத்தூருக்கு அணித்தாகிய திருவேற்காட்டினர், வாயிலார் மயிலாப்பூரினர், பூசலார் திருநின்றவூரினர்.

பூசலார் கதையை ஓர் அமைச்சர் எழுதினார் என்பதை நான் பெரிதும் முக்கியமாகக் கருதுகிறேன். பல்லவ மன்னன் காஞ்சியிலே பெரும் பொருள் செலவிட்டுக் கற்றளி எழுப்புகிறான். கையிலே காசில்லாத பூசலார், திருநின்றவூரிலே மனத்துக்குள்ளேயே நல்ல நாள் பார்த்து, அடித்தளம் இட்டு, தூண் நிறுத்தி, ஸ்தூபி வைத்து, குளமும் தோண்டி ஒரு கோயில் கட்டுகிறார். கும்பாபிஷேகத்துக்கு இருவரும் குறித்தது ஒரே நாள். இறைவன் அரசன் கனவிலே தோன்றி, அன்று தான் பூசலாரின் ஆலயத்துக்குப் போகவேண்டியிருப்பதால் உன் நாளை மாற்றிக்கொள் என்று சொல்லிவிடுகிறான். அரசன் கட்டியது கைலாசநாதர் கோயில் என்பர். அது இன்றும் காஞ்சியிலே கண்ணுக்கு விருந்தாக நிற்கிறது. அரச சேவையிலே இருந்துகொண்டு, அரசனுடைய கட்டடம் இரண்டாம் பட்சம் என்று காவியம் பாடி, அந்த அரசனாலேயே பட்டத்து யானைமேல் ஏற்றப்பட்டுக் கௌரவிக்கப்பட்ட அமைச்சர் வேறு எங்கேனும் உண்டோ என்று நான் யோசித்துப் பார்ப்பதுண்டு.

மெய்யான கோட்டைகளும் இந்தப் பிரதேசத்திலே இல்லாமற் போகவில்லை. அவற்றையும் நேர்மையாகச் சொல்லிவிடவேண்டும். 1565-இல் தலைக்கோட்டைப் போரிலே விஜயநகரம் வீழ்ந்தபின், அந்த வமிசத்தார் பெனுகொண்டாவுக்கும் பின்னர் சந்திரகிரிக்கும் பெயர்ந்து ஆண்ட காலத்தில், செங்கற்பட்டிலே கோட்டை எழுந்தது. ஒரு பக்கம் ஏரியும் மற்றப் பக்கங்களில் சதுப்பும் அகழியுமாக, மதிலைவிட நீரே அதற்குப் பலமான காவல். 1752-இல் கிளைவ் பீரங்கிகளைக் கொண்டு அதைப் பிடித்தான். 1780-இல் பொள்ளிலூரிலே ஆங்கிலத் தளபதி பெய்லியின் படையை ஹைதரும் திப்புவும் நாசம் செய்தபோது, மற்றோர் ஆங்கிலத் தளபதியாகிய மன்றோ தம் சேனையோடு பின்வாங்கி வந்து அடைக்கலம் புகுந்தது செங்கற்பட்டிலேதான். பீரங்கி ஓய்ந்தபின் கோட்டைக்குள்ளே கச்சேரிகளும் சிறுவர் சீர்திருத்தப் பள்ளியும் குடியேறின. கோட்டை போர்த் தொழிலை விட்டுவிட்டுக் கணக்குப்பிள்ளை உத்தியோகத்துக்கு வந்துவிட்டது எனலாம்.

ஆனால் அதனுடைய நீண்ட கையைப் பாருங்கள். 1763-இல் ஆர்க்காட்டு நவாபு முகம்மது அலி கிழக்கிந்தியக் கம்பெனியாருக்கு இந்த நாட்டை ஜாகீராகக் கொடுத்தார். அந்த ஜாகீர் செங்கற்பட்டு ஜில்லாவாயிற்று. குன்றத்தூரும் தாம்பரமும் பல்லாவரமும் இரண்டு நூற்றாண்டு காலம் தங்களைச் செங்கற்பட்டு ஜில்லா என்றே எழுதி வந்தன. பின்னர் தலைநகரம் காஞ்சிக்குப் போய், பெயரும் மாறி, 2019-இல் மீண்டும் செங்கற்பட்டு என்று ஒரு மாவட்டம் பிரிந்தபோது, தாம்பரம் அதிலே சேர, குன்றத்தூர் காஞ்சிபுரத்தோடு நின்றுவிட்டது. எயிற் கோட்டத்துத் தலைநகருக்கும் விஜயநகர வமிசத்தார் கோட்டைக்கும் நடுவே இன்னும் எல்லைக்கோடு இழுபடுகிறது. சந்திரகிரியின் கையோ இன்னும் நீளம். அந்த அரசின்கீழ் இருந்த தாமர்ல வேங்கடாத்திரி நாயக்கர் 1639-இல் கொடுத்த அனுமதியினால் அல்லவா கடலோர மணலிலே செயிண்ட் ஜார்ஜ் கோட்டை எழும்பியது? தமிழ்நாட்டின் சட்டசபையும் தலைமைச் செயலகமும் அங்கேதான் இருக்கின்றன. சர்க்காரையே 'கோட்டை' என்று பத்திரிகைகள் எழுதுகின்றன. கோட்டையைப் பிடிப்பது என்றால் இன்று தேர்தலிலே வெல்வது.

அரசன் விட்டுச்சென்ற செல்வத்தில் கோட்டையைவிடப் பெரியது ஏரி. உத்தரமேரூரிலே 919, 921-ஆம் ஆண்டுகளில் வெட்டப்பட்ட பராந்தகன் காலத்துச் சாசனங்களிலே ஏரியைப் பராமரிக்கத் தனியாக ஏரி வாரியம் அமைத்திருப்பதைக் காண்கிறோம். மதிலைக் காக்க வாரியம் அமைத்ததாக அங்கே காணோம். குன்றத்தூர் மலைமேல் நின்று மேற்கே நோக்கினால் செம்பரம்பாக்கம் ஏரி தகடு போலப் பளபளக்கும். முழு உயரம் 24 அடி, கொள்ளளவு 3,645 மில்லியன் கன அடி. சென்னைவாசிகள் அன்றாடம் குடிக்கும் தண்ணீரில் ஒரு பகுதி அது. 2015 டிசம்பர் முதல் தேதி இரவு, விநாடிக்குச் சுமார் 29,000 கன அடி நீர் அதிலிருந்து வெளியேறி, குன்றத்தூரைக் கடந்து அடையாற்றிலே சேர்ந்து ஓடியபோது, பழைய ஏரிகளையும் கால்வாய்களையும் மனைகளாக்கி விற்றவர்கள் எந்தக் கோட்டையை இடித்திருக்கிறார்கள் என்பதைப் புலியூர்க் கோட்டம் முழுவதும் கண்டது. முற்றுகை இடுகிற பகைவன் மதிலை உடைப்பான். நாமோ முற்றுகையில்லாமலே கரையை உடைத்தோம். இதைச் சொல்லுவதற்கு வருத்தமாக இருக்கிறது, ஆனாலும் சொல்லாமல் விடுவது சரியன்று.

ஏரியைப் போலவே அரசன் விட்டுச்சென்ற வேறொரு செல்வமும் இந்தப் பக்கத்திலே இருக்கிறது. பல்லாவரத்துக் குன்றிலே பல்லவ மன்னன் மகேந்திரவர்மன் குடைவித்த குகைக்கோயில் ஒன்று உண்டு. அவன் தன் விருதுப் பெயர்களை அங்கே வரிசையாகப் பல்லவ கிரந்தத்தில் பொறித்திருக்கிறான். இப்போது அது முஸ்லிம் அன்பர்கள் தொழும் தர்காவாக விளங்குகிறது. ஓர் அரசனின் பெயரும், பிறகு வந்த மக்களின் பிரார்த்தனையும் ஒரே பாறையிலே தங்கியிருப்பது இந்தப் பக்கத்து வழக்கத்துக்கு முற்றிலும் பொருத்தம்தான்.

குன்றத்தூருக்குக் கிருத்திகையன்று மலையேற வருகிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள். படியேறு முன்போ இறங்கிய பின்போ, திருநாகேசுவரத்துக்கும் ஒரு நடை போய்வாருங்கள். சுவரிலே எழுத்து இருக்கும் கல்லின்மேல் எண்ணெய்க் கையைத் துடைக்காதீர்கள். கற்பூரத்தைக் கொளுத்தி வைக்காதீர்கள். திருப்பணி நடக்கும்போது எழுத்தின்மேல் வர்ணம் பூசுவதைக் கண்டால் ஒரு வார்த்தை எடுத்துச் சொல்லுங்கள். வைகாசிப் பூசத்தன்று வந்தால் சேக்கிழாரின் குருபூசையையும் காணலாம். அப்படியே திரும்பும் வழியில் கோடம்பாக்கத்திலே வீடோ மனையோ வைத்திருக்கும் நண்பர் யாரேனும் இருந்தால், அவருடைய கிரயப் பத்திரத்தைச் சற்று வாங்கிப் பாருங்கள். அந்தப் பகுதியின் பத்திரங்களிலே கிராமம் என்ற இடத்திலே, கோட்டமும் வளநாடும் போன பிறகும், 'புலியூர்' என்றே இன்றும் எழுதுகிறார்கள்.